உரசும் கதவு, மூடாத கதவு: இழைப்புளியை எடுப்பதற்கு முன்

உள்ளறைக் கதவு நிலையில், அதாவது அதைத் தாங்கும் சட்டத்தில், உரசத் தொடங்கியதும், உரசும் இடத்தைக் கொஞ்சம் இழைத்துவிட்டால் சரியாகிவிடும் என்றுதான் பலருக்கும் தோன்றுகிறது. அந்த வேலையைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள் என்று கேட்டுக்கொள்ளத்தான் இதை எழுதுகிறேன். மாட்டிய புதிதில் ஒழுங்காக மூடிக்கொண்டிருந்த கதவு என்றால் அதன் அளவில் குறை இருக்க வாய்ப்பு குறைவு. பெரும்பாலும் அது தொங்கும் விதம்தான் மாறியிருக்கும். தொங்கலைச் சரிசெய்ய ஒரு ஸ்க்ரூடிரைவரும் அட்டைத் துண்டுகளும் போதும். இழைத்துத் தள்ளிய மரமோ திரும்ப வராது. என்றாவது ஒருநாள் கீலைச் சரிசெய்யும்போது, இழைத்த இடம் பெரிய சந்தாகப் பல்லிளிக்கும்.

கதவின் எடை முழுவதும் ஒரே பக்கத்தில் தொங்குகிறது என்பதை முதலில் மனதில் வாங்கிக்கொள்ளுங்கள். கெட்டி மரக் கதவு 30 கிலோவுக்கு மேல்கூட இருக்கும். அந்த எடை மேல் கீலை நிலையிலிருந்து பிடுங்கப் பார்க்கிறது. கீழ்க் கீலை நிலைக்குள் அழுத்துகிறது. அதனால் முதலில் தளர்வது மேல் கீலின் ஸ்க்ரூக்கள்தான். அவை ஒரு மில்லிமீட்டர் வெளியே வந்தாலே கதவின் பூட்டுப் பக்கம் கீழே இறங்கும். மேல் மூலை நிலையில் போய் உரசும், கீழ் மூலை தரையைத் தொடப் பார்க்கும், பூட்டின் நாக்கு, அது விழுவதற்காக நிலையில் பதித்த தகட்டின் ஓட்டைக்குக் கீழே போய் முட்டும். பார்ப்பதற்கு மூன்று பழுது, காரணம் ஒன்றே.

முதலில் இடைவெளியைப் பாருங்கள்

கதவை மூடிவிட்டு, அதற்கும் நிலைக்கும் நடுவே உள்ள சந்தைச் சுற்றிலும் பாருங்கள். உள்ளறைக் கதவுக்கு மேலேயும் பூட்டுப் பக்கமும் சுமார் 3 மி.மீ. இடைவெளி இருப்பது நல்லது. கீல் பக்கம் கொஞ்சம் குறைவாக, 2 மி.மீ. அளவில் இருக்கலாம். தரைக்கு மேலே 10 மி.மீ. போல விட்டிருப்பார்கள், விரிப்பு போட்ட அறையென்றால் கூடுதலாக. அளக்க ஒரு எளிய வழி உண்டு. வங்கி அட்டை ஒன்றின் தடிமன் 0.76 மி.மீ. நான்கு அட்டைகளை அடுக்கினால் 3 மி.மீ. கிடைத்துவிடும். அந்த அடுக்கைச் சந்தில் விட்டு மேலிருந்து கீழாக நகர்த்திப் பாருங்கள். எங்கே இறுகுகிறது, எங்கே ஆடுகிறது என்று பென்சிலால் நிலையில் குறித்துக்கொள்ளுங்கள்.

இடைவெளியின் வடிவத்தைப் பார்த்தாலே பாதி விஷயம் பிடிபட்டுவிடும். பூட்டுப் பக்கம் மேலே இறுக்கம், கீழே அகலம். கூடவே கீல் பக்கத்தில் மேலே அகலம் என்றால் கதவு தொங்கிவிட்டது. மேல் கீலைப் போய்ப் பாருங்கள். பூட்டுப் பக்கம் மேலிருந்து கீழ்வரை ஒரே மாதிரி இறுக்கமாக இருந்தால், மரம் ஈரத்தில் பருத்திருக்கலாம், அல்லது விளிம்பில் பெயிண்ட் மேல் பெயிண்டாக ஏறியிருக்கலாம். சந்து எல்லா இடத்திலும் சீராக இருந்தும் கதவு மூட மறுத்தால், கீல் மடங்கும் இடத்திலோ நாக்கு விழும் தகட்டிலோ தடை இருக்கிறது.

உரசும் இடம் கண்ணுக்குத் தெரியவில்லையா? கார்பன் தாளை நிலைக்கும் கதவுக்கும் நடுவே, மை கதவைப் பார்த்திருக்கும்படி பிடித்துக்கொண்டு மூடித் திறங்கள். உரசும் இடத்தில் மை ஒட்டிவிடும்.

இந்தக் கட்டத்திலேயே சுவரையும் ஒருமுறை பார்த்துவிடுங்கள். நிலையின் மேல் மூலையிலிருந்து சாய்வாக விரிசல் ஓடுகிறதா? ஒரே சமயத்தில் இரண்டு மூன்று கதவுகள் அடம்பிடிக்கின்றனவா? மாதத்துக்கு மாதம் அந்த விரிசல் வளர்கிறதா? அப்படியென்றால் கதவை விட்டுவிட்டு, கட்டடத்தைப் பார்க்கத் தெரிந்த பொறியாளரைக் கூப்பிடுங்கள்.

தூக்கிப் பார்க்கும் சோதனை

கதவைப் பாதி திறந்து, கைப்பிடிக்குக் கீழே விளிம்பைப் பிடித்து மெல்ல மேலே தூக்குங்கள். இன்னொருவர் கீல்களைக் கவனிக்கட்டும். கீலின் தகடு நிலையைவிட்டோ கதவைவிட்டோ அசைந்தால் ஸ்க்ரூ தளர்ந்திருக்கிறது. தகடுகள் அசையாமல் நடுக் குழலில் மட்டும் ஆட்டம் தெரிந்தால் கீலின் ஆணியோ குழலோ தேய்ந்திருக்கிறது. தேய்ந்த கீலுக்கு வைத்தியம் கிடையாது. அதே அளவில் புதிய கீல் வாங்கி மாற்றுவதுதான் ஒரே வழி. அளவு என்றால் நீளம், அகலம், தகட்டின் தடிமன், மூலை வளைவு நான்கும் சேர்த்துத்தான். இதில் ஒன்று மாறினாலும் மரத்தில் வெட்டியிருக்கும் பள்ளத்தில் புதுக் கீல் உட்காராது.

ஸ்க்ரூ தளர்ந்திருந்தால், தொடுவதற்கு முன் கதவின் கீழே, பூட்டுப் பக்கமாக ஒரு மர ஆப்பைச் செருகிக் கதவின் எடையைத் தாங்கவிடுங்கள். எடை தொங்கிக்கொண்டிருக்கும்போது ஸ்க்ரூவை முடுக்கினால் தகடு பள்ளத்துக்குள் முழுதாகப் போகாமல் சாய்ந்தபடியே இறுகிவிடும். ஆப்பு கொடுத்த பிறகு, கையால் திருப்பும் ஸ்க்ரூடிரைவரால் முடுக்குங்கள். மின்சார டிரில் வேண்டாம். ஏற்கெனவே களைத்த மரத்தில் அது ஒரு நொடியில் மரையை அழித்துவிடும்.

முடுக்கியதும் ஸ்க்ரூ இறுகினால் வேலை முடிந்தது. கதவை மூடித் திறந்து, சந்தை மறுபடி அளந்து பாருங்கள். பல வீடுகளில் கதவுப் பிரச்சினை இந்த இடத்திலேயே தீர்ந்துவிடுகிறது.

ஸ்க்ரூ இறுகாமல் சும்மா சுற்றிக்கொண்டே இருந்தால் ஓட்டை பெரிதாகிவிட்டது என்று அர்த்தம். அதற்கு இரண்டு வழிகள் இருக்கின்றன. முதல் வழி, ஓட்டையை அடைப்பது. ஸ்க்ரூவைக் கழற்றிவிட்டு, மரத்துக்கான வெள்ளைப் பசையைத் தடவிய மெல்லிய மரக் குச்சிகளை ஓட்டைக்குள் நெருக்கமாக அடித்து இறக்குங்கள். மருந்து முனையை நறுக்கிய தீக்குச்சிகள், பல்குத்தும் குச்சிகள் எதுவும் ஆகும். இரவு முழுவதும் காயவிடுங்கள். பிறகு வெளியே நீட்டிக்கொண்டிருப்பதை உளியால் சீவிவிட்டு, புதிதாகச் சிறு துளை போட்டு ஸ்க்ரூவை ஏற்றுங்கள். 4 மி.மீ. ஸ்க்ரூவுக்குக் கெட்டி மரத்தில் 3 மி.மீ. துளை போதும், மென்மையான மரத்தில் இன்னும் சிறியதாக இருக்கட்டும். துளை, தகட்டு ஓட்டையின் நட்டநடுவில் விழ வேண்டும். ஓரமாக விழுந்தால், முடுக்கும்போது ஸ்க்ரூவின் தலை தகட்டை ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டு போய்விடும்.

இரண்டாவது வழி, நீளமான ஸ்க்ரூ. நிலை கனமான கெட்டி மரம் என்றால் 50 மி.மீ. நீள ஸ்க்ரூ நிலைக்குள்ளேயே புது மரத்தைப் பிடித்துக்கொள்ளும். மெல்லிய பலகையில் செய்த நிலை, பின்னால் மரத்தூணில் அறையப்பட்டிருந்தால், 65 முதல் 75 மி.மீ. வரை நீளமானது தூணைப் போய்ப் பிடிக்கும். மேல் கீலில், கதவு வந்து முட்டி நிற்கும் விளிம்புக்கு அருகே உள்ள ஓட்டைதான் இதற்கு ஏற்றது, ஏனென்றால் பெரும்பாலும் நிலையின் நடுப்பகுதிக்கு நேராக இருப்பது அதுதான். மெதுவாக முடுக்குங்கள், அரைச் சுற்றுக்கு ஒருமுறை சந்தைப் பாருங்கள். மெல்லிய நிலையாக இருந்தால் இந்த ஸ்க்ரூ நிலையையே சுவர்ப் பக்கம் இழுக்கும். தொங்கிய கதவைத் தூக்க அது நல்ல உபாயம்தான், ஆனால் அளவு மீறினால் நிலை வளைந்துவிடும். நீள ஸ்க்ரூவை நிலைப் பக்கம் மட்டுமே போடுங்கள். உள்ளே வெற்றிடமாக இருக்கும் கதவுகளில் விளிம்பில் மெல்லிய சட்டம்தான் உண்டு. அதைத் தாண்டினால் ஸ்க்ரூவுக்குப் பிடிப்பே கிடையாது.

இரும்பு நிலை என்றால் இதெல்லாம் பொருந்தாது. அங்கே ஸ்க்ரூ, தகட்டில் வெட்டிய மரையில் ஏறுகிறது. மரை தேய்ந்தால் அடுத்த அளவுக்குப் புது மரை வெட்ட வேண்டும். பட்டறைக்காரர் வேலை அது.

அட்டை வைப்பது

ஸ்க்ரூ எல்லாம் இறுக்கமாக இருக்கிறது, ஆனாலும் கதவு கொஞ்சம் சாய்ந்தே நிற்கிறது என்றால், கீலின் தகட்டுக்குப் பின்னால் அட்டை வைத்துச் சரிசெய்யலாம். கதவு வேலை தெரிந்தவர்கள் கையில் எடுக்கும் உத்தி இது, புதிதாகக் கற்பவர்களும் பயமில்லாமல் செய்யலாம். பிடிக்கவில்லை என்றால் அட்டையை எடுத்துவிட்டால் பழைய நிலைமைக்கே வந்துவிடும்.

பூட்டுப் பக்க மேல் மூலை உரசினால், கீழ்க் கீலுக்குப் பின்னால் அட்டை வையுங்கள். கதவின் அடிப்பகுதி பூட்டுப் பக்கமாகத் தள்ளப்படும், அதனால் பூட்டுப் பக்கம் முழுவதும் லேசாக மேலே ஏறும். கீழ் மூலை பூட்டுப் பக்க நிலையில் உரசினால் நேர் எதிராக, மேல் கீலுக்குப் பின்னால் வையுங்கள்.

எவ்வளவு தடிமன்? இரண்டு மீட்டர் உயரமும் 80 செ.மீ. அகலமும் உள்ள கதவில் கீழ்க் கீலுக்குப் பின்னால் 1 மி.மீ. வைத்தால், பூட்டுப் பக்கம் ஏறக்குறைய அரை மில்லிமீட்டர் உயரும். அடி மூலை பூட்டுப் பக்க நிலையை நோக்கி 1 மி.மீ.க்குச் சற்றே கூடுதலாக நகரும். அதனால் வைப்பதற்கு முன் கீழே அந்த அளவுக்கு இடம் இருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். ஒரே கீலுக்கு 2 மி.மீ.க்கு மேல் வைக்க வேண்டி வந்தால் வேறு ஏதோ கோளாறு இருக்கிறது, திரும்பிப் போய்ச் சந்தைப் பாருங்கள்.

வேலை இப்படி. கதவின் அடியில் ஆப்பு கொடுங்கள். ஒரு கீலை மட்டும் நிலைப் பக்கம் கழற்றுங்கள், மற்றவை இருந்தபடியே இருக்கட்டும். தகட்டின் வடிவத்துக்கு அட்டையை நறுக்குங்கள். அலையலையான பெட்டி அட்டை வேண்டாம், நாளடைவில் நசுங்கிவிடும். கெட்டியான மெல்லிய அட்டை அல்லது பிளாஸ்டிக் தாள் நல்லது. பள்ளத்துக்குள் அட்டையை வைத்து, அதன் மேல் தகட்டை உட்காரவைத்து முடுக்குங்கள். சாதாரண அச்சுத் தாள் ஒன்று 0.1 மி.மீ. இருக்கும் என்பதால், நுட்பமாகச் சரிக்கட்ட மடித்த தாள்கூட உதவும்.

கீல் மூன்று இருந்தால் நடுக் கீலை மறந்துவிடாதீர்கள். மூன்று கீல்களின் ஆணிகளும் ஒரே நேர்க்கோட்டில் இருந்தால்தான் கதவு இலகுவாகச் சுற்றும். கீழே 1 மி.மீ. வைத்தால் நடுவில் அதில் பாதி வையுங்கள்.

முக்கால்வாசி மூடியதும் திருப்பித் தள்ளுகிறதா?

சில கதவுகள் மூட வரும்போது கடைசி ஓரிரு அங்குலத்தில் எதிர்த்துத் தள்ளும். கையை எடுத்தால் தானாகத் திறந்துகொள்ளும். பூட்டுப் பக்கம் எங்கேயும் உரசாது. இப்படிப்பட்ட கதவைப் பலர் பூட்டுப் பக்கம் இழைத்துப் பார்த்து ஏமாறுகிறார்கள். தடை இருப்பது கீல் பக்கத்தில்.

அரைகுறையாக மூடிய நிலையில் கீல் பக்கச் சந்தை டார்ச் அடித்துப் பாருங்கள். ஸ்க்ரூவின் தலை தகட்டுக்கு மேலே துருத்திக்கொண்டிருந்தால் எதிரெதிர் ஸ்க்ரூக்கள் முட்டிக்கொள்ளும். சரியான தலையுள்ள ஸ்க்ரூவாக மாற்றிவிடுங்கள், போதும். கீலின் தகடுகளில் பழைய பெயிண்ட் கட்டிதட்டி இருந்தால் சுரண்டி எடுங்கள். இரண்டும் இல்லையென்றால், கீலுக்காக வெட்டிய பள்ளம் ஆழமாகிவிட்டது. தகடு மர மட்டத்துக்கும் உள்ளே போய்விட்டதால், கீல் மடங்கி முடிவதற்கு முன்பே மரமும் மரமும் முட்டிக்கொள்கின்றன. எல்லாக் கீல்களுக்கும் பின்னால் ஒரே தடிமனில் அட்டை வைத்துத் தகட்டை மர மட்டத்துக்குக் கொண்டுவாருங்கள். கதவு முழுவதும் பூட்டுப் பக்கம் அதே அளவு நகரும் என்பதைக் கணக்கில் வைத்துக்கொள்ளுங்கள்.

நாக்கு விழவில்லை

கதவு மூடுகிறது, ஆனால் நாக்கு தகட்டின் ஓட்டைக்குள் விழ மாட்டேன் என்கிறது. நாக்கின் முனையில் சாக்பீஸையோ மெழுகுப் பென்சிலையோ தேய்த்துவிட்டு, கைப்பிடியைத் திருப்பியபடியே கதவை மூடுங்கள். மூடிய பிறகு கைப்பிடியை விட்டு, மறுபடி திருப்பித் திறங்கள். நாக்கு எங்கே போய் முட்டியது என்று தகட்டில் தடம் தெரியும்.

தடம் ஓட்டைக்குக் கீழே இருந்தால் கதவு தொங்கியிருக்கிறது. தகட்டைத் தொடாதீர்கள், மேலே சொன்ன கீல் வேலையை முதலில் முடியுங்கள். அதற்குப் பிறகும் ஓரிரு மில்லிமீட்டர் வித்தியாசம் இருந்தால் அரத்தால் தகட்டின் ஓட்டையைக் கொஞ்சம் ராவி விடலாம். அதைவிட அதிகம் என்றால் தகட்டைக் கழற்றி, பழைய ஸ்க்ரூ ஓட்டைகளைப் பசையும் குச்சியும் வைத்து அடைத்து, உளியால் பள்ளத்தை நீட்டி, சரியான இடத்தில் மாட்டுங்கள். பழைய ஓட்டைக்கு மிக அருகில் அடைக்காமலே புது ஸ்க்ரூ போட்டால் அது வழுக்கிக்கொண்டு பழைய ஓட்டைக்கே போய்விடும்.

தடம் பக்கவாட்டில் விலகியிருந்தால், அதாவது கதவு முழுதாக உள்ளே வராமலே நின்றுவிட்டால், நிலையில் கதவு முட்டும் விளிம்பைப் பாருங்கள். காய்ந்த பெயிண்ட் துளி, பெயர்ந்து வந்த ரப்பர் பட்டை, ஆணித் தலை என்று ஏதாவது இருக்கும்.

இதற்கு நேர் எதிரான குறையும் உண்டு. மூடிய பிறகு காற்றுக்குக் கதவு கடகடவென்று ஆடும். தகட்டின் ஓட்டைக்குள் சிறு நாக்குப் போல ஒரு மடிப்பு இருந்தால், அது பூட்டின் நாக்கை அழுத்தும்படி, கதவு முட்டும் விளிம்பை நோக்கி ஸ்க்ரூடிரைவரால் லேசாக வளைத்துவிடுங்கள். மடிப்பு இல்லாத தகடு என்றால், கதவு முட்டும் விளிம்பில் சிறிய கம்பளித் துண்டோ ரப்பர் புள்ளியோ ஒட்டினால் போதும்.

புதிதாகப் பூட்டு மாட்டிய கதவு மூடும்போது நாக்கு உள்ளே போகாமல் டக்கென்று மோதினால், நாக்கின் சரிவு எந்தப் பக்கம் பார்க்கிறது என்று பாருங்கள். மூடும்போது முதலில் தகட்டைத் தொட வேண்டியது அந்தச் சரிவுதான். பல பூட்டுகளில் நாக்கைத் திருப்பிப் போட வசதி உண்டு.

தானாகத் திறக்கும், தானாக மூடும்

பாதி திறந்து விட்ட கதவு தானாக எங்கோ போய் நின்றால், கீல்களின் ஆணிகள் செங்குத்தான கோட்டில் இல்லை. நிலையின் மேல்முனை எந்தப் பக்கம் சாய்ந்திருக்கிறதோ அந்தப் பக்கமே கதவு போகும். ரசமட்டத்தைக் கீல் பக்க நிலையில் நிறுத்தி இரண்டு முகங்களிலும் பாருங்கள், சாய்வு தெரியும்.

நிலையைக் கழற்றி மறுபடி நிறுத்துவது பெரிய வேலை. சாய்வு சிறியதாக இருந்தால் ஆணியில் கொஞ்சம் உராய்வைக் கூட்டிவிட்டாலே கதவு விட்ட இடத்தில் நிற்கும். கதவை மூடிவைத்துவிட்டு, ஒரே ஒரு கீலின் ஆணியை மட்டும் கீழிருந்து ஒரு கம்பியால் தட்டி மேலே எடுங்கள். ஆணியை இரண்டு மரத்துண்டுகளின் மேல் கிடத்தி, நடுவில் சுத்தியலால் லேசாக ஒரு தட்டு தட்டுங்கள். வளைவு கண்ணுக்குத் தெரிந்தும் தெரியாமலும் இருக்க வேண்டும். திரும்ப அடித்து இறக்கிவிட்டு ஆட்டிப் பாருங்கள். போதவில்லை என்றால் அடுத்த கீலில் செய்யுங்கள். ஆணி கழறாத வகைக் கீல்களில் இதைச் செய்ய முடியாது.

கிரீச்சிடும் கீலுக்கும் இதே மாதிரிதான்: ஒவ்வொரு ஆணியாக எடுத்து, துருவையும் கறுத்த பிசுக்கையும் துடைத்து, கிரீஸ் அல்லது பெட்ரோலியம் ஜெல்லி தடவிப் போடுங்கள். எண்ணெய் விட்டால் உடனே சத்தம் நிற்கும், ஆனால் அது வழிந்து தூசியைச் சேர்த்துக்கொள்ளும்.

முறுக்கிய கதவு

மூடிய கதவில் பூட்டுப் பக்க மேல் மூலை நிலையோடு ஒட்டியிருக்க, கீழ் மூலை மட்டும் வெளியே நிற்கிறது என்றால் ஒன்று கதவு முறுக்கியிருக்கிறது, அல்லது நிலையின் இரண்டு தூண்களும் ஒரே தளத்தில் இல்லை. எது என்று அறிய, கதவின் முகத்தில் மூலைக்கு மூலை இரண்டு நூல்களை இழுத்துக் கட்டுங்கள். கதவு தட்டையாக இருந்தால் நடுவில் நூல்கள் ஒன்றையொன்று தொட்டும் தொடாமலும் இருக்கும். விலகி நின்றாலோ ஒன்றை ஒன்று அழுத்தினாலோ முறுக்கல்தான்.

நிலையில் கதவு முட்டும் பட்டை தனியாக ஆணியடித்ததாக இருந்தால், அதைப் பெயர்த்து, மூடிய கதவுக்கு ஏற்றபடி மறுபடி அடித்துவிடுவது மிகச் சுலபம். நிலையோடு சேர்த்தே வெட்டிய படியாக இருந்தால் கீலை நகர்த்த வேண்டும். கீழ் மூலை 4 மி.மீ. வெளியே நின்றால், மேல் கீலை 2 மி.மீ. வெளிப்பக்கமாகவும், கீழ்க் கீலை 2 மி.மீ. உட்பக்கமாகவும் நகர்த்துங்கள். இரண்டும் சேர்ந்து அந்த 4 மி.மீ.யைச் சமன்செய்துவிடும். இதற்கு மேல் முறுக்கிய கதவை மல்லுக்கட்டிச் சரிசெய்வதைவிட மாற்றிவிடுவதே நல்லது என்பது என் எண்ணம்.

ஆலன் கீயால் திருப்பும் கீல்கள்

புதிய வீடுகளில் வெளியே தெரியாத கீல்களும், உருளை மாதிரி இருக்கும் கீல்களும் வருகின்றன. அவற்றில் ஆலன் கீ என்ற அறுகோணச் சாவியால் திருப்பிச் சரிக்கட்டும் ஸ்க்ரூக்கள் கீலிலேயே இருக்கும், சில சமயம் சிறிய பிளாஸ்டிக் மூடிக்குப் பின்னால். பல கீல்களில் உயரம், பக்கவாட்டு, நிலையோடு அழுத்தம் என்று மூன்று திசைகளுக்கும் தனித்தனி ஸ்க்ரூ உண்டு. எது எதற்கு என்று கால் சுற்று திருப்பினால் சந்தே காட்டிக்கொடுத்துவிடும். தொடங்கும் முன் ஸ்க்ரூவின் தலையில் பென்சிலால் கோடு போட்டுக்கொண்டால் திரும்பி வர வழி தெரியும்.

உயரத்தை மாற்றும்போது எல்லாக் கீல்களையும் சமமாகத் திருப்புங்கள். ஒன்றை மட்டும் உயர்த்தினால் முழு எடையும் அதன் தலையில் விழுந்து சீக்கிரம் தேய்ந்துவிடும். தொங்கிய மூலையைத் தூக்க மேல் கீலின் பக்கவாட்டு ஸ்க்ரூவை மட்டும் தொட்டால் போதும். சரிக்கட்டும் ஸ்க்ரூவை இறுக்கிப் பிடிக்கும் பூட்டு ஸ்க்ரூ தனியாக இருந்தால், முதலில் அதைத் தளர்த்தி, முடிந்ததும் இறுக்க மறக்காதீர்கள்.

ஈரம், இழைப்பு, பெயிண்ட்

கீல் எல்லாம் சரி, தகடும் சரி, அப்புறமும் பூட்டுப் பக்கம் நெடுக உரசுகிறது என்றால் இப்போதுதான் மரத்தைச் சந்தேகிக்க வேண்டும். மரம் ஈரத்தை வாங்கினால் ரேகைக்குக் குறுக்கே பருக்கும். ரேகையின் நீளவாக்கில் கிட்டத்தட்ட மாறவே மாறாது. அதனால்தான் கதவு அகலத்தில் இறுகுகிறது, உயரத்தில் அவ்வளவாக மாறுவதில்லை. சட்டமும் உட்பலகையுமாகச் செய்த கதவில் உட்பலகை காடிக்குள் பிடிப்பில்லாமல் நகரும்படி விட்டிருப்பதால், அகலத்தை மாற்றுவது இரு பக்கச் சட்டங்கள் மட்டுமே. பலகைகளை அடுக்கிச் செய்த கதவுகளோ அதிகமாகப் பருக்கும்.

ஈரமான மாதங்களில் மட்டும் இறுகி, காய்ந்த மாதங்களில் தானே சரியாகும் கதவை அவசரப்பட்டு இழைக்காதீர்கள். அதுவரை சமாளிக்க, உரசும் இடத்தில் மெழுகுவர்த்தியை நன்றாகத் தேய்த்துவிட்டாலே வழுக்கிக்கொண்டு மூடும். பிறகு நன்றாகக் காய்ந்த காலத்தில் விளிம்புகளுக்குப் பெயிண்ட் அடித்துவிட்டால், அடுத்த ஈரக் காலத்தில் அவ்வளவு பருக்காது.

இழைத்தே ஆக வேண்டும் என்றால் முதலில் ஒன்றை உறுதிசெய்துகொள்ளுங்கள். அடுக்குமாடிகளில் தானாக மூடிக்கொள்ளும் கனமான தீத்தடுப்புக் கதவுகள் இருக்கும். அவற்றில் கைவைக்கவே கூடாது. விளிம்பில் உள்ள பட்டையும் குறித்த அளவுச் சந்தும் சேர்ந்துதான் தீயையும் புகையையும் தடுக்கின்றன. அடுத்து, பழைய வீட்டில் பல அடுக்குப் பெயிண்ட் இருந்தால் அதில் ஈயம் இருக்கக்கூடும். காய்ந்தபடி தேய்த்துத் தூசி கிளப்பாதீர்கள். தண்ணீர் தொட்டுத் தேய்த்து, முகக்கவசம் போட்டு, குழந்தைகளை அந்தப் பக்கம் விடாமல் வேலை செய்யுங்கள்.

கதவைக் கழற்றும்போது கீழ் ஆணி முதலில், பிறகு நடு, கடைசியாக மேல் ஆணி. கூட ஒருவர் பிடித்துக்கொள்ள வேண்டும். குறித்த கோடு வரை மட்டும் இழையுங்கள். ஒரு மில்லிமீட்டர்தான் எடுக்க வேண்டும் என்றால் பூட்டுப் பக்கத்திலேயே எடுக்கலாம். அதற்கு மேல் என்றால் கீல் பக்கத்தில் எடுப்பது நல்லது, பூட்டின் குழியைத் தொட வேண்டியிருக்காது. கீல் பள்ளங்களை மட்டும் அதே அளவு ஆழமாக்கிக்கொள்ள வேண்டும். பூட்டுப் பக்க விளிம்பைச் சதுரமாக விடாதீர்கள். மூடும்போது முதலில் நிலைக்குள் நுழையும் ஓரம் கொஞ்சம் உள்வாங்கியிருக்க வேண்டும். 35 மி.மீ. தடிமனுள்ள கதவில் ஓரத்துக்கு ஓரம் 2 மி.மீ. சரிவு போதும். மேல் விளிம்பை இழைத்தால் இரண்டு முனைகளிலிருந்தும் நடுவை நோக்கித் தள்ளுங்கள், முனையைத் தாண்டித் தள்ளினால் பக்கச் சட்டத்தின் மரம் பிய்ந்துவிடும்.

தரையில் லேசாக உரசும் கதவைக் கழற்றத் தேவையில்லை. சொரசொரப்பான உப்புத்தாளைத் தரையில், உரசும் இடத்தில், மேல்நோக்கிப் போட்டு, அதன் மேல் கதவைப் பலமுறை முன்னும் பின்னும் ஓட்டினால் கதவே தன் அடியைத் தேய்த்துக்கொள்ளும். ஆணியில் கதவைத் தூக்கி மாட்டும் வகைக் கீலாக இருந்து, மேலே சந்தும் இருந்தால், ஒவ்வொரு ஆணியிலும் ஒரு மெல்லிய வாஷரைப் போட்டு 1 மி.மீ. உயர்த்திவிடலாம். அடியை வெட்டவே வேண்டும் என்றால் வெட்டும் கோட்டில் மாஸ்கிங் டேப் ஒட்டி, கூர்மையான கத்தியால் ஆழமாக ஒரு கீறல் போட்டுவிட்டு, அதற்குக் கீழே ரம்பத்தை ஓட்டுங்கள். ஓரம் சிதையாது.

இழைத்த இடம், வெட்டிய இடம் எதையும் பச்சை மரமாக விடாமல் அன்றே பிரைமரோ வார்னிஷோ அடியுங்கள். கதவின் மேல் விளிம்பையும் கீழ் விளிம்பையும் பெயிண்ட் அடிப்பவர்கள் பெரும்பாலும் விட்டுவிடுகிறார்கள், நின்ற இடத்திலிருந்து பார்த்தால் அவை தெரியாது. பக்கச் சட்டங்களின் வெட்டுமுனை அங்கேதான் இருக்கிறது, மற்ற இடங்களைவிட ஈரத்தை மிக வேகமாக உறிஞ்சுவதும் அந்த வெட்டுமுனைதான். கதவு கழற்றி வைத்திருக்கும்போதே இரண்டு விளிம்புக்கும் இரண்டு பூச்சு கொடுத்துவிடுங்கள். கழற்றாத கதவுகளில் கீழே பெயிண்ட் இருக்கிறதா என்று அறிய, கையடக்கக் கண்ணாடி ஒன்றைத் தரையில் கதவின் அடியில் வைத்துப் பார்க்கலாம். பூச்சு நன்றாகக் காய்ந்ததும் மேல் கீலை முதலில் மாட்டி, கதவின் எடையை அது ஏற்றுக்கொண்ட பிறகு மற்ற ஆணிகளை இறக்குங்கள்.